இருவினையும் காண்டா வாளியும்



உங்கள் தோட்டத்திலும் இந்தப் பேச்சு காதில் விழுந்திருக்கும். சனிக்கிழமை இரவு குடித்துவிட்டு லயத்தையே அல்லோலகல்லோலப்படுத்திய மனிதர், தைப்பூசத்துக்குப் பத்துமலை போய்ப் பால்குடம் எடுத்துவிட்டு வந்து, மறுநாள் வாசற்படியில் உட்கார்ந்துகொண்டு, "எல்லாம் சரிக்குச் சரி ஆயிடுச்சு" என்பார். அவர் மனைவியின் முகத்தைப் பார்த்தால் சரியானதாகத் தெரியாது. ஆனாலும் அவர் கணக்கில் சரிதான். செய்த பாவம் ஒரு பக்கம், சுமந்த பால்குடம் ஒரு பக்கம். தராசு நேராக நின்றுவிட்டது!

நம் நாட்டில் டுரியான் காலத்தில் எல்லாரும் செய்கிற வேலைதான் இது. டுரியான் சூடு, அதைத் தின்றுவிட்டு மங்குஸ்தீன் தின்றால் குளிர்ச்சி, உடம்பு சமமாகிவிடும் என்று தமிழர், மலாய்க்காரர், சீனர் என்ற வேறுபாடில்லாமல் எல்லாரும் நம்புகிறோம். வயிற்றுக்கு அது எவ்வளவு தூரம் உதவுமோ, பழமாவது இனிப்பாக இருக்கிறது, போகட்டும். உயிருக்கும் அதே வைத்தியம் செய்யலாம் என்று நினைக்கிறோமே, அதைப் பற்றித்தான் இன்று உங்களோடு பேசப் போகிறேன்.

'இருவினையொப்பு' என்று நம் சைவ சித்தாந்தத்தில் ஒரு சொல் உண்டு. கோயிலில் சொற்பொழிவு கேட்டிருப்பவர்களுக்குப் பழகிய சொல்லாக இருக்கலாம். நல்வினை, தீவினை என்ற இரண்டும் ஒத்து நிற்கும் நிலை என்று பொருள். அந்த நிலை வந்தால்தான் உயிரைப் பற்றியுள்ள மலம் பக்குவப்படும், இறைவன் அருள் பதியும் என்பார்கள். முன்னதை மலபரிபாகம் என்றும் பின்னதைச் சத்திநிபாதம் என்றும் நூல்கள் சொல்லும். பெயர்கள் பெரியவை, பயப்பட வேண்டாம். அந்த 'ஒத்து நிற்பது' என்றால் என்ன என்பதில்தான் விஷயமே இருக்கிறது. அதைத் தப்பாகப் பிடித்துக்கொண்டால் குடிகாரருக்கு ஒரு சாக்குக் கிடைக்கிறது. அது மட்டுமானால் நான் பேனாவை எடுத்திருக்க மாட்டேன். ஓர் ஏழைத் தாயின் கைக்கு வரவேண்டிய பணமே அதனால் நின்றுபோக இருந்தது. அதைப் பிறகு சொல்கிறேன்.

முதலில் வினையின் கணக்கைப் பார்ப்போம். நமக்குத் தெரிந்த கடைப் பற்றுப் புத்தகத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். தோட்டத்துக் கடையில் பற்று எழுதி வாங்கி, சம்பளத்தன்று கட்டிய குடும்பங்கள்தாம் நாமெல்லாம். பழைய பாக்கி மொத்தமும் புத்தகத்தின் முன்பக்கங்களில் நிற்கிறதே, அதைப் போன்றது சஞ்சிதம். பல பிறவிகளில் சேர்ந்த மூட்டை அது. இந்த மாதச் சம்பளத்தில் கட்ட வேண்டும் என்று அதிலிருந்து ஒரு தொகையைக் கடைக்காரர் பிரித்து வைக்கிறாரே, அது பிராரத்தம். இந்தப் பிறவியில் அனுபவிப்பதற்காக வந்த பங்கு. பாக்கியைக் கட்டப் போன இடத்தில், "அரிசி 10 கிலோ, எண்ணெய் ஒரு போத்தல் போடுங்க" என்று புதுப் பற்று எழுதுகிறோமே, அது ஆகாமியம். பழையதை அனுபவிக்கும்போதே புதியதைச் சேர்த்துக்கொள்வது! கட்டக் கட்டப் புத்தகம் ஏன் தடிக்கிறது என்பது இப்போது புரிகிறதல்லவா?

இதுவரை எல்லாருக்கும் உடன்பாடுதான். நல்வினை என்று வரும்போதுதான் சிக்கல்.

திருக்குறள் மனனப் போட்டிக்கு ஒரு மாணவியைத் தயார்செய்துகொண்டிருந்தேன். கடவுள் வாழ்த்தில் ஐந்தாவது குறள். இறைவனின் மெய்யான புகழை விரும்புகிறவர்களிடம் இருளைச் சேர்ந்த இருவினையும் வந்து சேரா என்பது அதன் கருத்து. அந்தப் பத்து வயதுக் குழந்தை நிறுத்திக் கேட்டாள்: "பாவம் சேரக்கூடாது, சரி. புண்ணியம் ஏன் சார் சேரக்கூடாது? அப்படின்னா நல்ல பிள்ளையா இருக்கிறதும் தப்பா?"

பெரியவர்கள் கேட்காத கேள்வி! பரிமேலழகர் இதற்கு ஒரே வரியில் விடை வைத்திருக்கிறார். நல்வினையும் மீண்டும் பிறப்பதற்குக் காரணமாவதால்தான் வள்ளுவர் இரண்டையும் சேர்த்துச் சொன்னார் என்கிறார். தீவினை இரும்பு விலங்கு என்றால் நல்வினை பொன் விலங்கு என்று சைவப் பெரியவர்கள் சொல்வதும் இதைத்தான். கடைப் புத்தகத்திலேயே பாருங்கள். பாக்கி வைத்தவன் அந்தக் கடையை விட்டுப் போக முடியாது. முன்பணம் கட்டி வைத்தவன் மட்டும் போய்விடுவானா? அதை வாங்கித் தீர்க்க அவனும் அதே கடைக்குத்தான் வர வேண்டும். குழந்தைக்கு நான் இவ்வளவும் சொல்லவில்லை. "நல்லது செய், செய்ததற்குக் கூலி கேட்டு நிற்காதே" என்று மட்டும் சொன்னேன். "அப்படின்னா பரிசும் கேக்கக்கூடாதா சார்?" என்றாள். போட்டிக்கு இரண்டு நாள்தான் இருந்தது. நான் அடுத்த குறளுக்குப் போய்விட்டேன்.

சரி, பற்றும் வரவும் நேராகி, புத்தகத்தில் பூஜ்யம் வந்துவிட்டால்? அதுதானே இருவினையொப்பு என்று கேட்பீர்கள்.

அப்படியொரு கருத்தும் பழைய ஆகமங்களில் உண்டு. சமமான வலிமையுள்ள ஒரு நல்வினையும் ஒரு தீவினையும் ஒரே சமயத்தில் பலன் கொடுக்க முந்தினால், ஒன்றை ஒன்று தடுத்துக்கொண்டு நின்றுவிடும். அந்த நேரத்தில் அருள் பதியும் என்ற கருத்தைக் கிரண ஆகமம் பேசுகிறது. பால்வெளியில் ஓடையைக் கடக்கப் போட்டிருக்கும் ஒற்றைப் பலகையில், இரண்டு பேர் வாளியோடு எதிரெதிரே வந்து மாட்டிக்கொண்டால் எப்படியோ, அப்படி. இவரும் போக முடியாது, அவரும் வர முடியாது.

நம் தமிழ்ச் சித்தாந்த ஆசிரியர்கள் இதை வேறு விதமாக விளக்குகிறார்கள். 13ஆம் நூற்றாண்டில் மெய்கண்டார் 12 சூத்திரங்களில் சிவஞானபோதம் செய்தார். (அவர் சிறு பிள்ளையாக இருந்தபோதே பெரிய பண்டிதரான அருணந்தி அவரிடம் மாணவராகச் சேர்ந்தார் என்று மரபு சொல்கிறது. வாத்தியார்களுக்கு நல்ல பாடம்.) அந்தச் சிவஞானபோதத்துக்கு 18ஆம் நூற்றாண்டில் திருவாவடுதுறை ஆதீனத்தைச் சேர்ந்த சிவஞான முனிவர் மாபாடியம் என்னும் பேருரை எழுதினார். அவர் கொள்ளும் பொருள் தராசுக் கணக்கைப் பற்றியது அன்று. இன்பம் வந்தால் தாவிப் பிடிப்பதும் துன்பம் வந்தால் ஓடி ஒளிவதும் இல்லாமல், இரண்டையும் ஒரே கண்ணால் பார்க்கும் பக்குவம் உயிரில் உண்டாவதே இருவினையொப்பு என்பது அந்த வழி. ஒத்து நிற்பது புத்தகத்தின் இரண்டு பக்கங்களும் அல்ல; அதைப் பார்க்கிறவனுடைய பார்வை.

எனக்கு இந்த விளக்கம்தான் மனத்துக்குப் பொருந்துகிறது. காரணம் படிப்பினால் வந்ததன்று. என் தாயாரின் தோளில் இருந்த காய்ப்பினால் வந்தது.

அம்மா பால்மரம் வெட்டியவர். ஒரு நிறைக்கு 400 மரங்களுக்கு மேல். விடியுமுன் வெட்டினால்தான் பால் நன்றாக ஓடும் என்று நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு புறப்பட்டுவிடுவார். பள்ளி விடுமுறையில் நானும் போவேன். கோட்டுப்பால் உரிப்பதும் மங்கு துடைப்பதும் என் வேலை. பால் எடுத்து முடிந்ததும் காண்டாக் கம்பின் இரண்டு முனையிலும் வாளிகளை மாட்டித் தோளில் வைத்துக்கொண்டு ஸ்டோருக்கு நடப்பார். இளைய வாசகர்கள் காண்டாவைப் பார்த்திருக்க மாட்டார்கள். பினாங்கில் நாசி கண்டார் என்கிறோமே, அந்தப் பெயரும் இந்தக் கம்பிலிருந்து வந்ததுதான். சோற்றையும் குழம்பையும் அந்த நாளில் நம் தமிழ் முஸ்லிம் வியாபாரிகள் இப்படித்தான் சுமந்து விற்றார்கள்.

ஒரு வாளி நிறைந்து, மறுவாளி குறைந்திருந்தால் நடக்க முடியாது, கம்பு சாயும். அம்மா நிறைந்ததிலிருந்து கொஞ்சம் எடுத்துக் குறைந்ததில் ஊற்றிச் சமப்படுத்துவார். நான் ஒருநாள், "இப்ப பாரம் குறைஞ்சிருச்சாம்மா?" என்று கேட்டேன். "போடா தம்பி, குறைய எங்க குறையும்? ரெண்டும் சமமா இருந்தா நடக்கத் தோதா இருக்கும். தோளு பாரம் தோளு பாரந்தான்" என்றார்.

எண்ணிப் பாருங்கள். ஒரு வாளி பாவம், மறு வாளி புண்ணியம் என்று வைத்துக்கொண்டால், இரண்டும் சமமாவதால் சுமப்பவன் விடுபடுவதில்லை. வசதியாகச் சுமக்கிறான், அவ்வளவுதான். 'சரிக்குச் சரி ஆயிடுச்சு' என்று வாசற்படியில் உட்கார்ந்திருக்கும் நம் நண்பர் இறக்கி வைத்தது ஒன்றும் இல்லை. ஒரு பக்கம் மட்டும் தொங்கிய வாளிக்கு எதிராக இன்னொரு வாளியை மாட்டிக்கொண்டு, கம்பு சாயாமல் நடக்கிறார்.

அம்மாவிடம் நான் கண்ட இன்னொன்றையும் சொல்ல வேண்டும். சில நாள் வெட்டி முடித்துப் பால் எடுப்பதற்குள் மழை பிடித்துக்கொள்ளும். மங்கில் இருந்ததெல்லாம் தண்ணீரோடு வழிந்து மரத்தடியில் வெள்ளையாய் ஓடும். காலையெல்லாம் பட்ட பாடு மண்ணுக்குப் போய்விடும். வேறு சில நாள் இரண்டு வாளியும் தளும்பும். இரண்டு நாளும் அம்மா வீட்டுக்கு வந்து அடுப்பு மூட்டும் முகம் ஒரே முகம்தான். அவருக்குக் கவலை இல்லாமல் இல்லை. மழை நாளில் கூலி குறையும் என்பது எங்கள் எல்லாரையும்விட அவருக்குத்தான் தெரியும். ஆனால் மழையில் பால் போன மறுநாள் விடியலில் அவர் வேலைக்குப் போகாமல் இருந்ததில்லை; கத்தியை ஆழமாக இறக்கி மரத்தைக் காயப்படுத்தி, போனதைப் பிடித்துவிடப் பார்த்ததும் இல்லை. சித்தாந்தம் என்ற சொல்லே அவருக்குத் தெரியாது.

நகரத்தில் சீன மருந்துக் கடைச் சுவரில் ஒரு வட்டப் படம் பார்த்திருப்பீர்கள். பாதி கறுப்பு, பாதி வெள்ளை. கறுப்புக்குள் ஒரு வெள்ளைப் புள்ளி, வெள்ளைக்குள் ஒரு கறுப்புப் புள்ளி. இன், யாங் என்ற இரண்டு எதிர்ச் சக்திகள். ஒன்று மற்றொன்றை அழிக்கக் கூடாது; ஒன்றுக்குள் ஒன்று இருந்து, ஏறி இறங்கிச் சமநிலை காப்பதே உடம்புக்கும் உலகுக்கும் நலம் என்பது அவர்கள் மரபு. அழகான கருத்து. ஆனால் நம் இருவினையொப்பை அதோடு சேர்த்துக் குழப்பிக்கொள்ளக் கூடாது. அங்கே சமநிலை என்பது நாம் குடியிருக்க வேண்டிய வீடு. இங்கே அது வெளியே போகும் வாசல்.

அந்த வாசல் எப்போது திறக்கும்? நம் கையால் இழுத்துத் திறக்கக் கூடியதன்று என்கிறார்கள். மலபரிபாகம் என்ற சொல்லிலேயே பரிபாகம், பழுப்பது, இருக்கிறது. எங்கள் தோட்டத்து ஸ்டோரில் பாலை வடிகட்டித் தட்டுகளில் ஊற்றி, அளவாகத் தண்ணீரும் ஆசிட்டும் கலந்து வைப்பார்கள். பாலில் இருக்கும் ரப்பர்த் துகள்கள் ஒன்றை ஒன்று தள்ளிக்கொண்டு மிதப்பதால்தான் அது பாலாக இருக்கிறது. ஆசிட் பட்டதும் அந்தத் தள்ளல் அடங்கி, துகள்கள் ஒன்றோடொன்று சேரத் தொடங்கும். பிறகு காத்திருக்க வேண்டியதுதான். அவசரப்பட்டுக் கையை விட்டுக் கலக்கினால் கட்டி கட்டியாகக் கெட்டுப்போகும். விட்டுவைத்தால் வெள்ளைத் தலையணை மாதிரி உறைந்து நிற்கும். உயிரின் பக்குவமும் ஏறக்குறைய அப்படித்தான் என்று நான் எண்ணிக்கொள்வேன். ஊற்றுவது நம் வேலை. உறைவது நம் வேலையன்று.

இங்கேதான் ஆபத்தும் இருக்கிறது. 'காத்திருக்க வேண்டியதுதான்' என்ற ஒன்றை மட்டும் பிடித்துக்கொள்கிறவர்கள் நம்மில் நிறையப் பேர். இனி அந்தத் தாயின் கதைக்கு வருகிறேன்.

எங்கள் பள்ளியில் அவருடைய இரண்டு பிள்ளைகள் படித்தார்கள். கணவர் செம்பனைக் குலை வெட்டும் வேலை. ஒருநாள் விடியற்காலை வேலைக்குப் போகிற வழியில், மோட்டார் சைக்கிளில் லாரி மோதி இறந்துபோனார். கருமாதி முடிந்து ஒரு மாதம் கழித்து நான் போய்ப் பார்த்தேன். "சொக்சோவுக்கு எழுதிப் போட்டீங்களாம்மா?" என்று கேட்டேன். இல்லை என்றார்.

வேலைக்குப் போகும் வழியிலும் திரும்பும் வழியிலும் நேருகிற விபத்துகூடச் சொக்சோ பாதுகாப்பில் அடங்கும் என்பது நம்மில் பலருக்கு இன்றும் தெரியாது. 1969ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்தது அது. தொழிலாளி இப்படி இறந்துவிட்டால், அவரை நம்பியிருந்த மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் மாதந்தோறும் உதவித்தொகை உண்டு. சேமநிதியில் அவர் பெயரில் இருக்கும் பணம் தனி. இதையெல்லாம் சொன்னேன். அந்த அம்மாவுக்குத் தெரியாமல் இல்லை. தோட்டத்துக் கிராணியாரும் சொல்லியிருக்கிறார். வேறொன்று தடுத்தது.

"கூட்டுப் பிரார்த்தனையில ஒரு பெரியவரு சொன்னாரு சார். வந்த வினைய அனுபவிச்சுக் கழிக்கணுமாம். நல்லதையும் கெட்டதையும் ஒண்ணா பாக்கணுமாம். இப்ப நான் போயி அந்தப் பணத்தக் கேட்டு வாங்குனா, அது புது வினையா வந்து என் பிள்ளைங்க தலையில ஏறாதா?" என்றார். அழவில்லை. தெளிவாக, யோசித்து முடித்தவர் போலப் பேசினார். மூத்த பெண் உள்ளே நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். அவளை இடைநிலைப் பள்ளியிலிருந்து நிறுத்தி, நகரத்தில் ஒரு துணிக்கடைக்கு அனுப்ப ஏற்பாடு ஆகியிருந்தது என்பது எனக்குப் பின்னால்தான் தெரிந்தது.

அந்தப் பெரியவர் மேல் எனக்குக் கோபம் வந்தது. சொன்ன சொற்கள் எல்லாம் சரியான சொற்கள். சொன்ன இடம்தான் தவறு. சாப்பாடு இல்லாத வீட்டில் விரதத்தின் பெருமை பேசுவதுபோல!

எனக்குத் தெரிந்ததையெல்லாம் சொல்லிப் பார்த்தேன். பிராரத்தம் என்பது வந்த துன்பம். அதற்குமேல் பட்டினி கிடப்பது யாரும் எழுதிய விதியன்று என்றேன். அவர் அசையவில்லை. கடைசியில் அப்பர் சுவாமிகளின் கதையைச் சொன்னேன்.

7ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த திருநாவுக்கரசர்தான் அப்பர். கோயில் கோயிலாகப் போய் உழவாரப்படை என்னும் கருவியால் புல் செதுக்கி, வீதியைச் சுத்தம் செய்தவர். நம் தோட்டத்தில் புல்வெட்டுக்குப் போகும் பெண்களின் வேலைதான், வேறென்ன? திருப்புகலூரில் அவர் செதுக்கிக்கொண்டிருந்தபோது, இறைவன் அந்த மண்ணில் பொன்னும் மணியும் கிடக்கும்படி செய்தார். அப்பர் அவற்றைப் பருக்கைக் கல்லோடு கல்லாக வாரிக் குளத்தில் எறிந்தார் என்று சேக்கிழார் பெரியபுராணத்தில் பாடுகிறார். ஓடும் பொன்னும் ஒன்றாகத் தெரிந்த கண். இருவினையொப்புக்கு இதைவிடச் சான்று வேண்டுமா? எறிந்துவிட்டு அவர் சும்மா உட்காரவில்லை. பணி செய்வதை விடவில்லை என்பதையும் சேர்த்துச் சொன்னேன்.

அந்த அம்மா சட்டென்று கேட்டார்: "அப்பரு தூக்கித்தானே சார் எறிஞ்சாரு? என்னைய மட்டும் வாங்கச் சொல்றீங்க?"

ஆறாம் ஆண்டோடு படிப்பை நிறுத்தியவர் அவர். அந்தக் கேள்வியைக் கேட்டதும் எனக்கு உண்மையிலேயே மகிழ்ச்சியாகிவிட்டது. ஏனென்றால், பதில் அதே அப்பரிடம் இருக்கிறது.

"அதே அப்பர் காசு வாங்கினதும் உண்டும்மா" என்றேன். திருவீழிமிழலை என்ற ஊரில் பெரும் பஞ்சம் வந்தது. அப்பரும் குழந்தையான திருஞானசம்பந்தரும் அங்கே இருந்தார்கள். அடியார்கள் பசியால் வாடக் கூடாது என்று இறைவன் நாள்தோறும் ஆளுக்கொரு பொற்காசு கோயிலில் வைத்தார். அப்பர் அதை எடுக்க மறுத்தாரா? நாள் தவறாமல் எடுத்தார். அரிசி, பருப்பு வாங்கிச் சமைத்துப் போட்டார். புகலூரில் பொன்னை எறிந்த கையும் வீழிமிழலையில் பொன்னை எடுத்த கையும் ஒரே கை. எறிந்த பொன் அவரை மயக்கிப் பார்க்க வந்தது. யாருடைய பசிக்கும் அது வேண்டியிருக்கவில்லை. எடுத்த பொன் பிறர் வயிற்றுக்காக வந்தது. இரண்டிலும் அவர் மனம் ஒன்றாக இருந்தது. செயல் மட்டும் அந்தந்த இடத்துக்கு ஏற்றபடி வேறாயிற்று.

"உங்க வீட்டுக்காரர் சம்பளத்துல மாசாமாசம் பிடிச்ச பணம்மா அது. முதலாளியும் ஒரு பங்கு கட்டியிருக்கார். இது புகலூர்ப் பொன் இல்ல. பிள்ளைங்க சாப்பாட்டுக்கு வந்த வீழிமிழலைக் காசு" என்றேன்.

அவர் கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு, "கேட்டு வாங்குறதுதான் சார் ஒரு மாதிரியா இருக்கு" என்றார்.

அப்போது நான் கதையின் மிச்சத்தைச் சொன்னேன். இரண்டு மடத்திலும் சமையல் நடந்ததல்லவா? அப்பர் மடத்தில் சாப்பாடு நேரத்தோடு ஆகிவிடும். சம்பந்தர் மடத்தில் தாமதமாகும். ஏன் என்று சம்பந்தர் கேட்டார். அப்பர் காசைக் கடைக்காரர் உடனே வாங்கிக்கொள்கிறார். நம் காசுக்கு மட்டும் வட்டம் பிடிக்க வேண்டும் என்கிறார் என்று சமையற்காரர்கள் சொன்னார்கள். வாசி என்று அதற்குப் பெயர். காசு மட்டமானதென்று மதிப்பில் கழித்துக்கொள்வது. சம்பந்தர் அதைக் கேட்டு, நம் வினை இவ்வளவுதான் என்று பேசாமல் இருந்துவிடவில்லை. நேரே சந்நிதிக்குப் போய், வாசி இல்லாத நல்ல காசாகக் கொடுங்கள் என்று பதிகம் பாடிக் கேட்டார். மறுநாளிலிருந்து நல்ல காசே வந்தது.

"சாமிகிட்டேயேவா கேட்டாரு?" என்றார் அந்த அம்மா. உள்ளேயிருந்த பெண் சிரித்துவிட்டாள்.

"சாமிகிட்டேயேதான்."

"அந்தச் சின்னப் பிள்ளைக்கு மட்டும் ஏன் சார் மட்டக் காசு குடுத்தாரு?"

"அப்பர் கையால தொண்டு செஞ்சவர். புல் செதுக்கினவர். அதனால அவருக்கு வாசியில்லாத காசு கிடைச்சதுன்னு பெரியபுராணம் சொல்லுது" என்றேன்.

அவர் அதை ஒரு கணம் மனத்தில் வைத்து நிறுத்துப் பார்த்தார். "அப்போ கையால வேலை செஞ்சவங்களுக்கு நல்ல காசு சேரணும்னு சாமியே ஒத்துக்கிட்டாரு" என்றார். பிறகு மகளைக் கூப்பிட்டு, சாமி மேடைக்குக் கீழே இருந்த தகர டப்பாவை எடுத்து வரச் சொன்னார். அதில் கணவரின் அடையாளக் கார்டு, கல்யாணச் சான்றிதழ், பிள்ளைகளின் பிறப்புப் பத்திரங்கள், இறப்புச் சான்றிதழ் எல்லாம் ஒரு பிளாஸ்டிக் பையில் சுற்றி இருந்தன. போலீஸ் அறிக்கையின் நகல் மட்டும் இல்லை.

அதை வாங்க மறுநாள் காலை ஏழு மணிப் பேருந்தில் போவதென்று முடிவாயிற்று. மூத்த பெண்ணும் கூடப் போனாள். பள்ளிச் சீருடையில் போனாள், திரும்பும்போது அப்படியே பள்ளியில் இறங்கிக்கொள்ளலாம் என்று.